தள்ளுபடி ஆன செய்தி மனுதாரருக்கே எட்ட வேண்டும்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். உரிமையியல் நீதிமன்றத்தில் எழுத்தராகப் பணியாற்றி ஓய்வுபெற்றவன் நான். டவாலி மூன்று முறை பெயர் சொல்லி அழைத்தும் யாரும் வராத நிலையில், ‘மனுதாரர் ஆஜராகவில்லை, மனு தள்ளுபடி’ என்ற ஒரே வரியோடு கட்டு மூடப்படுவதைப் பலமுறை பார்த்திருக்கிறேன். இடைக்காலத் தடை வாங்கிய கையோடு நீதிமன்றப் பக்கமே தலைகாட்டாதவர்களின் மனுக்கள் அவ்வாறு முடிவதில் எனக்கு வருத்தமில்லை. எதிர்த்தரப்பினரும் வாய்தாதோறும் அன்றைய கூலியை இழந்துதான் வந்து நிற்கிறார்கள். மனு தள்ளுபடி ஆனதே தெரியாமல், வழக்கு நடந்துகொண்டிருப்பதாக நம்பி மாதக்கணக்கில் காத்திருப்பவர்களுக்காகவே இதை எழுதுகிறேன்.

பிரதிவாதி வந்திருந்து வாதி வராததால் தள்ளுபடி ஆன வழக்கை, அதே வழக்குமூலத்தின் (வழக்குக்குக் காரணமான நிகழ்வின்) பேரில் புதிதாகத் தொடுக்க உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 9, விதி 9 இடம் தருவதில்லை. வராததற்குத் தக்க காரணம் காட்டி, மீண்டும் கோப்புக்கு எடுக்குமாறு அதே நீதிமன்றத்தில் மனுச் செய்யலாம். ஆனால் அதற்கு 1963ஆம் ஆண்டின் காலவரையறைச் சட்டம் தரும் 30 நாள் அவகாசம், தள்ளுபடி ஆன தேதியிலிருந்தே ஓடத் தொடங்கிவிடுகிறது. சம்மன் முறைப்படி கைக்குச் சேராத பிரதிவாதிக்கோ, அவர் வராமலேயே வழங்கப்பட்ட ஒருதலைப்பட்சத் தீர்ப்பை ரத்து செய்யக் கோருவதற்கான நாள் கணக்கு, அத்தீர்ப்பு அவருக்குத் தெரியவந்த நாளிலிருந்துதான் தொடங்கும். வழக்கைத் தொடுத்தவருக்கு வாய்தா தெரியாமலா இருக்கும் என்பது சட்டத்தின் எண்ணம் போலும். நடைமுறையில் வாய்தா தெரிந்தவர்கள் வழக்கறிஞரும் அவருடைய குமாஸ்தாவுமே. கெடு தாண்டிவிட்டால், தாமதத்தை மன்னிக்கக் கோரி காலவரையறைச் சட்டத்தின் 5ஆம் பிரிவின்கீழ் இன்னொரு மனு, அதற்கு எதிர்த்தரப்பின் ஆட்சேபணை, அதன்மேல் விசாரணை என்று மூல வழக்கு எங்கோ பின்னால் தங்கிவிடுகிறது.

வழக்கறிஞரின் தவறுக்காக, குற்றமற்ற கட்சிக்காரர் துன்புறக் கூடாது என்று ரஃபீக் எதிர் முன்ஷிலால் வழக்கில் உச்ச நீதிமன்றம் 1981இலேயே கூறிவிட்டது. ஆயினும் அந்தத் தீர்ப்பின் துணையை நாடுவதற்கும், மனு தள்ளுபடி ஆன செய்தி முதலில் கட்சிக்காரரின் காதுக்கு எட்டியாக வேண்டும்.

குற்றவியல் சட்டத்தில் இதற்கு ஒரு முன்மாதிரி கிடைத்திருக்கிறது. தனிநபர் புகாரின் பேரில் நடக்கும் சம்மன் வழக்கில் (சிறு குற்ற வழக்கில்), புகார்தாரர் வராவிட்டால் குற்றஞ்சாட்டப்பட்டவரை அன்றே விடுவித்துவிட பழைய சட்டம் இடம் தந்தது. 2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 279ஆம் பிரிவோ, புகார்தாரர் ஆஜராக 30 நாள் அவகாசம் தந்த பின்னரே விடுவிக்க வேண்டும் என்கிறது.

உரிமையியல் வழக்குகளில் அவ்வளவு அவகாசம் தர இயலாது என்றாலும், தள்ளுபடி ஆன அன்றே மனுதாரரின் கைப்பேசிக்குக் குறுஞ்செய்தியும் அவர் முகவரிக்கு ஓர் அஞ்சலட்டையும் அனுப்புவது பெரிய செலவாகாது. மனுவில் வழக்கறிஞரின் எண்ணோடு மனுதாரரின் சொந்த எண்ணையும் கட்டாயமாகக் கேட்டு வாங்க வேண்டும். இதற்கான விதிகளை வகுக்க, உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 122ஆம் பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்துக்கு அதிகாரம் இருக்கிறது. நாடாளுமன்றத்தின் திருத்தத்துக்காகக் காத்திருக்க வேண்டியதில்லை.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற நீதிமன்ற ஊழியர் ஒருவர்