மைசீனிக்கு 40 நிமிடம் போதாது

ஏதென்ஸில் காலையில் ஏற்றிக்கொண்டு, மைசீனி, நாஃப்லியோ, நெமேயா எல்லாம் காட்டி, ஒயினும் ருசிக்க வைத்து, இருட்டுவதற்குள் திரும்பக் கொண்டுவந்து விடுகிற சுற்றுலா நிறுவனத்தார் அனைவருக்கும் வணக்கம்.

போன செப்டம்பரில் நானும் என் அம்மாவும் இப்படி ஒரு பயணம் வந்தோம். எந்த நிறுவனம் என்று சொல்லப்போவதில்லை, சொல்வதில் பயனும் இல்லை. திரும்பி வந்த பிறகு பல நிறுவனங்களின் பயணத் திட்டங்களை எடுத்துவைத்துப் படித்துப் பார்த்தேன், பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்தது போலத்தான் இருக்கின்றன. கொரிந்து கால்வாய், மைசீனி, எபிடாரஸ், நாஃப்லியோ, கடைசியில் நெமேயாவில் ஒயின். 10 மணி நேரம், 300 கிலோமீட்டருக்கு மேல் ஓட்டம். அதில் பாதி நேரம் வண்டியிலேயே போய்விடுகிறது. மீதி 5 மணி நேரத்தை 5 இடத்துக்குப் பங்குபோட்டால் யாருக்கு என்ன மிஞ்சும்?

நான் கேட்பது இதுதான்: இடங்களைக் குறையுங்கள். அப்புறம், நெமேயாவுக்கு ஒயினுக்காக அழைத்துப் போகிறவர்கள் தயவுசெய்து நெமேயாவையும் காட்டுங்கள்.

முதலில் கால்வாய். 1893ல் திறந்தது, 6 கிலோமீட்டர் சொச்சம் நீளம், இரண்டு பக்கமும் செங்குத்தாக வெட்டிய பாறைச் சுவர். ரோமப் பேரரசன் நீரோ கி.பி. 67 வாக்கில் தோண்ட ஆரம்பித்து பாதியில் நின்றுபோன வேலை அது. பாலத்தில் நின்று எட்டிப் பார்த்தால் தலை சுற்றும், உண்மையிலேயே நல்ல காட்சி. ஆனால் 5 நிமிடக் காட்சி. கழிப்பறை வரிசை, காபி, பொம்மைக் கடை என்று அங்கே எங்களுக்கு 40 நிமிடம் போனது. பிறகு மைசீனியில் இறங்கும்போது ஓட்டுநர் கடிகாரத்தைப் பார்த்துவிட்டு, "40 நிமிடத்தில் வண்டிக்கு வந்துவிடுங்கள்" என்றார். 3,000 ஆண்டுகளுக்கு மேல் பழைய ஒரு கோட்டைக்கும் ஒரு காபிக்கும் ஒரே நேரம்.

மைசீனிக்குப் போனவர்களுக்குத் தெரியும், வண்டி நிற்கும் இடத்திலிருந்து மேட்டில் ஏற வேண்டும், ஆயிரக்கணக்கான கால்கள் தேய்த்து வழுவழுப்பாக்கிய கல். அம்மாவுக்கு முழங்கால் வலி. மெதுவாக ஏறி சிங்க வாயிலுக்கு வரவே 15 நிமிடம் ஆகிவிட்டது. கி.மு. 1250 வாக்கில் வைத்த வாயில் அது. மேலே கிடக்கும் ஒற்றைக் கல் மட்டும் சுமார் 20 டன். அதற்கு மேல் முக்கோணமாக ஒரு கல்லில் இரண்டு சிங்கங்கள், நடுவில் ஒரு தூண், இரண்டும் முன்னங்கால்களைப் பீடத்தின் மேல் வைத்து நிற்கின்றன. உடம்பில் நரம்பு புடைப்பது வரை செதுக்கியிருக்கிறார்கள், ஆனால் தலை இல்லை. அம்மா அண்ணாந்து பார்த்துவிட்டு, "ஏண்டி, இதுக்குத் தலை எங்கடி போச்சு?" என்றாள்.

நல்ல கேள்வி. தலைகளைத் தனியாகச் செய்து பொருத்தியிருந்தார்கள், அவை காணாமல் போய்விட்டன என்பதை நான் அன்று இரவு அறைக்கு வந்து தேடித்தான் தெரிந்துகொண்டேன். அங்கே, அந்த நிமிடத்தில், பதில் சொல்ல எங்களோடு யாருமே இல்லை.

ஏன் இல்லை என்பதுதான் நான் மிகவும் கோபப்பட்ட விஷயம். கிரேக்கத்தில் தொல்லியல் இடங்களுக்குள் விளக்கம் சொல்ல உரிமம் பெற்ற வழிகாட்டிக்கு மட்டுமே அனுமதி. நல்ல சட்டம், நான் அதைக் குறை சொல்லவில்லை, அந்த உரிமத்துக்காக அவர்கள் முறையாகப் படித்து வருகிறார்கள். ஆனால் நாங்கள் பணம் கட்டியபோது படித்த வாசகம் "வழிகாட்டியுடன் ஒருநாள் பயணம்". வந்தவர் ஓட்டுநர். பாவம், நல்ல மனிதர், வண்டியில் வரும் வழியெல்லாம் ட்ராய் போருக்குப் போன மைசீனி மன்னன் அகமெம்னான் கதையை ஆசையாகச் சொல்லிக்கொண்டு வந்தார். டிக்கெட் வாசலில் நின்றுவிட்டார். "இதற்கு மேல் நான் வரக் கூடாது" என்று சொல்லும்போது அவருக்கே கூச்சமாக இருந்தது தெரிந்தது. அந்தக் கூச்சம் பட வேண்டியவர் அவர் இல்லை. ஓட்டுநர் மட்டும்தான் வருவார் என்றால் அதை விளம்பரத்தின் முதல் வரியில் எழுதுங்கள், நாங்கள் வேறு ஏற்பாடு செய்துகொள்கிறோம். உரிமம் பெற்ற வழிகாட்டி வருவார் என்றால் அதற்கு இன்னும் கொஞ்சம் பணம் கேளுங்கள், சந்தோஷமாகக் கொடுப்போம்.

வழிகாட்டி ஒருவர் இருந்திருந்தால் வாயிலுக்கு உள்ளே வலது கைப்பக்கம் இருக்கும் அந்த வட்டமான கல்லறை வளாகத்தை நாங்கள் வெறும் குழி என்று நினைத்துத் தாண்டிப் போயிருக்க மாட்டோம். 1876ல் ஷ்லீமன் என்ற ஜெர்மானியத் தொல்லியலாளர் அங்கேதான் தங்க முகமூடியைத் தோண்டி எடுத்தார். அகமெம்னான் முகமூடி என்று பெயர் ஒட்டிக்கொண்டது, ஆனால் அது ட்ராய் போர் நடந்ததாகச் சொல்லும் காலத்துக்கு 300 ஆண்டுகளுக்கு மேல் முந்தியது. அசல் ஏதென்ஸ் தேசிய தொல்லியல் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. இதை வண்டி ஏறும்போதே ஒருவர் சொல்லியிருந்தால் முந்தின நாளே அங்கே போய்ப் பார்த்துவிட்டு வந்திருப்போம். பாறையைக் குடைந்து இருட்டுக்குள் இறங்கும் நிலத்தடி நீர்த்தொட்டியின் பக்கம் போகவே முடியவில்லை. அட்ரியஸ் கருவூலம் என்கிறார்களே, உண்மையில் அது கருவூலமே இல்லை, கல்லறை, 13 மீட்டர் உயரத்துக்குத் தேன்கூடு போல எழும்பும் கல் குவிமாடம், வாசலுக்கு மேல் கிடக்கும் கல் 100 டன்னைத் தாண்டும் என்று சொல்கிறார்கள். அது கோட்டைக்குச் சற்றுக் கீழே சாலையோரத்தில் தனியாக இருக்கிறது. வண்டி அதைத் தாண்டிப் போகும்போது ஓட்டுநர் கையைக் காட்டினார். அவ்வளவுதான் நாங்கள் பார்த்த அட்ரியஸ் கருவூலம்.

எபிடாரஸ் பற்றி ஒன்றே ஒன்று சொல்லிவிட்டுப் போகிறேன், ஏனென்றால் அதை விடச் சொல்லிக் கேட்பது எனக்கே கஷ்டமாக இருக்கிறது. கி.மு. 4ஆம் நூற்றாண்டு அரங்கம், 55 வரிசை, நடுவில் நின்று பேசினால் மேல் வரிசையில் கேட்கிறது. அதற்குப் பக்கத்தில் நோயாளிகள் கனவில் குணம் தேடித் தூங்கிய, மருத்துவக் கடவுள் அஸ்கிலேபியஸ் கோயில் வளாகம் முழுக்கக் கிடக்கிறது. அதற்கே ஒரு நாள் வேண்டும். அரை மணி நேரத்தில் எல்லோரும் நடுவில் வரிசையாக நின்று கைதட்டிவிட்டு வருவது அந்த இடத்துக்குச் செய்கிற மரியாதை இல்லை. அதைத் தனிப் பயணமாக வையுங்கள்.

நாஃப்லியோவில் நேரம் போதுமான அளவு இருந்தது, ஆனால் நீங்கள் சொன்ன உணவகத்தில் நீங்கள் சொன்ன மேசையில் அதில் ஒன்றேகால் மணி நேரம் போனது. சாப்பாட்டை எங்களிடம் விட்டுவிடுங்கள். அந்த ஊர் நடக்க வேண்டிய ஊர். ஏதென்ஸுக்கு முன்னால், 1834 வரை, நவீன கிரேக்கத்தின் தலைநகரமாக இருந்த ஊர். மலை மேல் வெனிசியர்கள் 1714ல் கட்டி முடித்த பலமிடி கோட்டை, கடலுக்குள் தனியாக நிற்கும் பூர்ட்சி என்ற சின்னக் கோட்டை, இதெல்லாம் தூரத்திலிருந்தே தெரிந்துவிடும். தெரியாதது செயின்ட் ஸ்பிரிடான் தேவாலய வாசல். 1831ல் நாட்டின் முதல் ஆளுநர் கபோதிஸ்ட்ரியாஸைச் சுட்டுக் கொன்றது அங்கேதான், குண்டு பட்ட இடத்தைச் சுவரில் கண்ணாடி போட்டு வைத்திருக்கிறார்கள். நாங்கள் வழி தவறிப்போய்த்தான் அதைக் கண்டுபிடித்தோம். அம்மா கண்ணாடியில் மூக்கு இடிக்கும் அளவுக்குக் குனிந்து வெகு நேரம் பார்த்தாள். அந்த நாளில் அவள் தானாக நின்று பார்த்த ஒரே இடம் அதுதான்.

சரி, ஒயினுக்கு வருகிறேன்.

ஒயினரிக்கு வந்து சேரும்போது மாலை 5 மணி, எல்லோரும் களைத்துப்போயிருந்தோம். உள்ளே போன உடனே மேசை, 4 கிளாஸ், ஒருவர் வந்து ஒவ்வொன்றையும் ஊற்றி "பழ வாசனை வரும், பாருங்கள்" என்றார். 35 நிமிடத்தில் முடிந்தது, வெளியே போகும் வழி கடை வழியாக. அம்மா குடிக்க மாட்டாள். அவளை ஒரு ஓரமாக நாற்காலி போட்டு உட்காரவைத்தார்கள், ஒரு கிளாஸ் தண்ணீர்கூட வரவில்லை. குடிக்காதவர்கள் ஒவ்வொரு வண்டியிலும் இருப்பார்கள், மாத்திரை சாப்பிடுகிறவர்கள், கர்ப்பிணிகள், பிள்ளைகள், வேண்டாம் என்கிறவர்கள். தோட்டத்தைச் சுற்றிக் காட்டினால் இவர்கள் எல்லோருக்கும் அந்த நேரம் உயிர் பெறும். குடிக்கிறவர்களுக்கும் துப்பலாம் என்று முதலிலேயே சொல்லுங்கள். எங்கள் வண்டியில் பாதிப் பேருக்கு மேசையிலிருந்த வாளி எதற்கென்றே தெரியாமல், 4 கிளாஸையும் வெறும் வயிற்றில் குடித்துவிட்டு, திரும்பும் வழி முழுக்க அவஸ்தைப்பட்டார்கள்.

எனக்கு வருத்தம் என்னவென்றால், சொல்ல அவ்வளவு இருக்கிறது! நெமேயா என்ற பெயரோடு வரும் ஒயின் அயோர்யீத்திகோ என்ற ஒரே ஒரு திராட்சையில் செய்தது, சிவப்பு, 1971லிருந்து அந்தப் பெயருக்குச் சட்டப் பாதுகாப்பு உண்டு. பள்ளத்தாக்கின் அடியிலும் அதே திராட்சை, பல நூறு மீட்டர் மேலே மலைச்சரிவிலும் அதே திராட்சை, ஆனால் ருசி வேறு வேறு. கீழே விளைந்தது ஒரு கிளாஸ், மேலே விளைந்தது ஒரு கிளாஸ், பக்கத்தில் பக்கத்தில் வைத்து ருசித்தால் எதுவுமே தெரியாத என் போன்றவளுக்குக்கூட வித்தியாசம் புரியும். காலையில் பார்த்த மைசீனியோடும் இது சேருகிறது: மைசீனிய அரண்மனைகளின் களிமண் பலகைகளில் ஒயினுக்கான சொல் எழுதியிருக்கிறது, அந்த எழுத்தை மைக்கேல் வென்ட்ரிஸ் என்ற ஆங்கிலேயர் 1952ல் படித்துவிட்டார். பிற்காலக் கிரேக்கர்கள் ஒயினில் தண்ணீர் கலந்துதான் குடித்தார்கள், இன்று அவர்கள் ஒயினுக்குச் சொல்லும் "கிராசி" என்ற சொல்லே கலத்தல் என்பதிலிருந்து வந்தது. இதில் ஒன்றாவது எங்கள் காதில் விழுந்திருந்தால் அந்த மேசைக்கும் அந்த மலைக்கும் ஒரு தொடர்பு வந்திருக்கும்.

வண்டி கிளம்பி ஊரைத் தாண்டும்போது ஜன்னல் வழியாகத் தூண்கள் தெரிந்தன. "அது என்ன?" என்று கேட்டேன். "ஜீயஸ் கடவுள் கோயில், பழைய நெமேயா, அது நம் திட்டத்தில் இல்லை" என்றார் ஓட்டுநர்.

எனக்கு மனசு ஆறவில்லை. 2 நாள் கழித்து டாக்ஸி பேசி அம்மாவோடு திரும்பப் போனேன். ஹெர்குலிஸ் சிங்கத்தைக் கொன்றதாகச் சொல்லும் நெமேயா அதுதான். கி.மு. 573லிருந்து ஒலிம்பியா போலவே பெரிய விளையாட்டுப் போட்டிகள் நடந்த இடம். ஜெயித்தவர்களுக்குக் காட்டுச் செலரி இலைக் கிரீடம். கோயிலிலிருந்து கொஞ்ச தூரத்தில் விளையாட்டரங்கம், அதற்குள் போக, சுமார் 36 மீட்டருக்குக் கல்லில் கட்டிய சுரங்கப் பாதை. உடை மாற்றும் இடத்திலிருந்து போட்டியாளர்கள் இதன் வழியாகத்தான் ஓட்டக் களத்துக்கு வந்தார்கள். முறை வருவதற்காகக் காத்திருந்தவர்கள் சுவரில் கிறுக்கி வைத்திருக்கிறார்கள். ஒருவன் "அக்ரோதாதோஸ் அழகன்" என்று எழுத, வேறொருவன் பக்கத்தில் "எழுதினவனுக்கு" என்று சேர்த்திருக்கிறான். 2,300 ஆண்டுக்கு முந்திய கேலி. அம்மாவுக்கு அதைச் சொன்னபோது சுரங்கம் முழுக்கக் கேட்கும்படி சிரித்தாள். வெளியே வெயிலில், களத்தின் முனையில், ஓட்டம் தொடங்கும் கல்வரிசை அப்படியே இருக்கிறது, கால்விரலை ஊன்ற இரண்டு பள்ளக் கோடுகளோடு. 1996லிருந்து அங்கே மறுபடியும் போட்டி நடத்துகிறார்கள், யார் வேண்டுமானாலும் பெயர் கொடுத்து வெள்ளை உடையில் வெறுங்காலோடு ஓடலாம். நாங்கள் அங்கிருந்த முக்கால் மணி நேரமும் அந்த இடத்தில் எங்களைத் தவிர 4 பேர்தான். சில கிலோமீட்டரில் ஒயினரி வாசலில் 3 பஸ்கள் நின்றிருந்ததைப் போகும்போது பார்த்தோம்.

திரும்பும் வழியில் ஒரு தோட்டத்தில் அறுவடை நடந்துகொண்டிருந்தது. டாக்ஸிக்காரர் நிறுத்தி ஏதோ கேட்க, கூடை சுமந்த ஒரு அம்மாள் ஒரு கொத்தை அப்படியே என் அம்மா கையில் கொடுத்தார். சின்னச் சின்ன கருநீலப் பழம், தோல் தடிமன், கொட்டை உண்டு, மேலே வெள்ளையாகப் பொடி படிந்திருந்தது. அம்மா வண்டியிலேயே முழுக்கொத்தையும் தின்று முடித்தாள், விரலெல்லாம் கறை.

உங்கள் கணக்கும் எனக்குப் புரிகிறது. விளம்பரத்தில் 5 பெயர் போட்டால்தான் 3 பெயர் போடுகிற பக்கத்து நிறுவனத்தை ஜெயிக்கலாம் என்று நினைக்கிறீர்கள். ஆனால் காலை 7 மணிக்குக் கிளம்பி, கால்வாயில் நிற்காமல் போனால் 9 மணிக்கு மைசீனி, வெயில் ஏறுவதற்குள் 2 மணி நேரம் கிடைக்கும், முழங்கால் வலிக்காரர்களும் மேலே வரை போகலாம், கருவூலத்துக்குள்ளும் நிற்கலாம். மதியம் நாஃப்லியோவில் 3 மணி நேரம். 4 மணிக்குள் நெமேயா விளையாட்டரங்கம். அப்புறம் நிதானமாகத் தோட்டம், ஒயின், ரொட்டி. இரவு 8 மணிக்குள் ஏதென்ஸ் வந்துவிடலாம், டீசல் செலவும் குறையும்.

அடுத்த பருவத்துக்கான திட்டத்தில் நெமேயா என்று எழுதும் இடத்தில் "விளையாட்டரங்கம், 1 மணி நேரம், உரிமம் பெற்ற வழிகாட்டியுடன்" என்று ஒரு வரி சேர்ப்பவர் யாராக இருந்தாலும் எனக்குத் தெரியப்படுத்துங்கள். 2 இடம் வேண்டும். அம்மாவுக்கு ஜன்னலோரம்.