ஆப்பிரிக்கப் படங்களை விட்டு விலகும் ஸ்ட்ரீமிங் நிறுவனங்களுக்கு

மதிப்பிற்குரிய நிர்வாகிகளுக்கு,

வணக்கம். நைஜீரியாவின் லாகோஸ் நகரத்தில் சில வருடங்கள் வேலை பார்த்தவன் நான். நைஜீரியப் படங்கள் அங்கேதான் எனக்குப் பழக்கமாயின. இன்றும் விடாமல் பார்க்கிறேன்.

அமேசான் பிரைம் வீடியோவின் முதல் நைஜீரிய ஒரிஜினல் படம் 2023 ஏப்ரலில் வந்தது. அடுத்த ஜனவரியிலேயே, ஆப்பிரிக்காவில் இனி ஒரிஜினல் படங்கள் எடுப்பதில்லை என்று அந்த நிறுவனம் முடிவெடுத்தது. ஒரு வருடம்கூட ஆகவில்லை. அதற்குள் என்ன தெரிந்துவிடும்?

நாலிவுட் என்கிற நைஜீரியப் படத்தொழில் பெரிய கம்பெனிகள் கட்டியது அல்ல. 1992இல் கென்னத் நெபுவே என்ற வியாபாரி இக்போ மொழியில் ஒரு படம் தயாரித்து, தியேட்டர் பக்கமே போகாமல் வீடியோ கேசட்டில் விற்றார். கடைத்தெருவில் விற்ற அந்தக் கேசட்டிலிருந்து வளர்ந்த தொழில் இது. யுனெஸ்கோ கணக்குப்படி 2006இல் மட்டும் 872 வீடியோ படங்கள். அமெரிக்கா அந்த வருடம் எடுத்தது 485. சரி, எல்லாமே நல்ல படங்கள் இல்லைதான். ஆனால் காசு கொடுத்து வாங்கிப் பார்த்த ஜனங்கள் இருந்தார்கள்.

அவர்கள் இன்றும் இருக்கிறார்கள், கையில் போனோடு. என்னோடு வேலை பார்த்தவர்கள் அன்றாடத் தேவைக்கு அன்றன்று டேட்டா போடுவார்கள். ஆபீஸ் வைஃபையில் படத்தை இறக்கிக்கொண்டு போய், வீட்டில் கரண்ட் இல்லாத ராத்திரியில் குடும்பத்தோடு பார்ப்பார்கள். 2023 ஜூனுக்குப் பிறகு அந்த நாட்டு நாணயமான நைராவின் மதிப்பு சரிந்தது. 2025இல் தொலைத்தொடர்புக் கட்டணத்தை 50 சதவீதம் வரை கூட்ட அனுமதி கிடைத்தது. அப்படிப்பட்டவரிடம் கார்டு போட்டு மாதச் சந்தா கட்டு என்றால் எப்படிக் கட்டுவார்? அதை வைத்து ரசிகர்களே இல்லை என்று நினைத்துவிடாதீர்கள். நடிகை ஓமோனி ஓபோலி 2025இல் தன் யூடியூப் சேனலிலேயே வெளியிட்ட படத்துக்குக் கோடிக்கணக்கான பார்வைகள் வந்தனவே!

கேசட்டை ஒவ்வொன்றாக விற்றதுபோல ஒரு படத்துக்கு இவ்வளவு, ஒரு நாளைக்கு இவ்வளவு என்று நைராவில் விலை வையுங்கள். போன் பேலன்ஸிலிருந்தே கட்ட வழி செய்யுங்கள். ஹவுசா, யொரூபா, இக்போ மொழிப் படங்களையும் வாங்குங்கள். அதுவும் முடியாது, கிளம்பத்தான் போகிறீர்கள் என்றால், இனி நீங்கள் காட்டப்போவதில்லாத படங்களின் உரிமையை எடுத்தவர்களிடமே திருப்பிக் கொடுத்துவிடுங்கள். அவர்கள் யூடியூபிலாவது போட்டுப் பிழைத்துக்கொள்வார்கள்.

அன்புடன்,
ஒரு ரசிகன்