இல்லாத நட்சத்திரத்துக்கு ஒரு கூத்து வேண்டும்

பள்ளிகொண்டா

அன்புள்ள வேலு,

பொங்கலுக்குப் பிறகு உனக்கு ஒரு வரி எழுதவில்லை. திட்டுவதை நேரில் வந்து திட்டிக்கொள். வீட்டில் எல்லோரும் நலம். அம்மாவுக்குக் கண் அறுவை சிகிச்சை நல்லபடியாக முடிந்தது. அண்ணியை விசாரித்ததாகச் சொல். ஒல்லிக்குப் பேத்தி பிறந்திருக்கிறாளாம். இனிமேலாவது அந்தச் சைக்கிளைத் திருப்பித் தருவானா என்று கேட்டுப் பார்.

நான் எழுத உட்கார்ந்தது ஒரு நட்சத்திரத்தைப் பற்றி. வானத்தில் அதைத் தேடாதே. எங்கள் ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் கற்பனையில் பிறப்பித்தது அது. அறிவியல் கண்காட்சி என்றால் வருடா வருடம் எரிமலையும் காற்றாலையும்தான். இந்த முறை, "நம் ஊருக்கென்று ஒரு நட்சத்திரம் இருந்தால் அதன் அறிவியல், கதை, சடங்கு எல்லாம் எப்படி இருக்கும்? யோசித்துக்கொண்டு வாருங்கள்" என்று சொல்லிவிட்டேன்.

ஊற்றுக்கண்ணி என்று பெயர் வைத்தார்கள். பாலாறும் அவளும் அக்கா தங்கையாம். மனிதர்கள் படுத்தும் பாடு பொறுக்காமல் அக்கா மணலுக்குள் இறங்கிவிட்டாள், தங்கை வானத்தில் ஏறி ஒளிந்துகொண்டாள். அக்கா வெளியே வரும் காலத்தில் தங்கையும் முகம் காட்டுவாள். 2021 நவம்பரில் ஆறு இரு கரையும் தொட்டு ஓடியதைப் பார்த்த பிள்ளைகள் இல்லையா, அந்த வேகம் கதையில் இருக்கிறது. சடங்கைச் சொன்னவள் ஒரு பெண், தன் பாட்டியிடம் கேட்டுக்கொண்டு வந்தாள். ஆற்று மணலைக் கொட்டாங்குச்சியால் வழித்து ஊற்று தோண்ட வேண்டும். முதலில் ஊறும் கலங்கலை இறைத்துக் கொட்டிவிட்டுக் காத்திருக்க வேண்டும். நீர் தெளிந்ததும் நள்ளிரவில் குனிந்து பார்த்தால் அதில் ஊற்றுக்கண்ணி தெரிவாள். அதன் பிறகுதான் முதல் குடம் மொள்ளலாம்.

இனிமேல்தான் வேடிக்கை. கணக்குப் போடுகிற பையன் ஒருவன் இருக்கிறான், எதையும் எளிதில் விடமாட்டான். ஆழமான குழிக்குள் நட்சத்திரம் தெரிய வேண்டுமென்றால் அது ஏறக்குறைய உச்சியில் நிற்க வேண்டும். நம் ஊர் வட அட்சரேகை சுமார் 13 டிகிரி, ஆகவே வான நடுக்கோட்டுக்கு (பூமத்திய ரேகைக்கு நேர் மேலே வானத்தில் போகும் கோடு) வடக்கே அதே 13 டிகிரியில் அவளை உட்கார வைத்தான். கார்த்திகையில் நள்ளிரவு உச்சிக்கு வர வேண்டுமே என்று ரோகிணிக்குச் சற்றுத் தெற்கே இடம் பிடித்தான். அதோடு விட்டானா? "நேர் உச்சியில் இருந்தால் குனிகிறவர் தலையே மறைக்குமே" என்றான்! உட்கார்ந்து பேசி முடிவு செய்தார்கள்: உச்சி தாண்டி அவள் கொஞ்சம் மேற்கே சாய வேண்டும், பார்க்கிறவர் குழிக்குக் கிழக்கே நிற்க வேண்டும். சடங்கில் 'கிழக்கே நின்று பார்' என்ற விதி இப்படித்தான் வந்தது. எனக்கு மயிர்க்கூச்செறிந்தது, வேலு. நம் முன்னோர் விதிகளில் எத்தனை இப்படி எவனோ ஒருவன் குனிந்து பார்த்ததில் பிறந்தவையோ!

தோன்றி மறைகிற நட்சத்திரம் நிஜத்திலேயே உண்டு. 1596இல் டேவிட் ஃபாப்ரீசியஸ் கவனித்த மைரா அப்படிப்பட்டது. வயதான, ஊதிப்போன சிவப்பு நட்சத்திரம். விரிந்து சுருங்கிச் சுமார் 332 நாட்களுக்கு ஒருமுறை உச்ச ஒளிக்கு வருகிறது. மங்கும்போது தொலைநோக்கி இல்லாமல் பார்க்க முடியாது. விரிந்து குளிரும்போது அதன் மேல் அடுக்குகளில் டைட்டானியம் ஆக்சைடு மூலக்கூறுகள் உண்டாகி, கண்ணுக்குத் தெரியும் ஒளியை விழுங்கிவிடுகின்றன. கூத்தில் வேஷக்காரர் திரைக்குப் பின்னால் நின்று பாடுவாரே, அதேதான். ஆள் அங்கேயேதான் இருக்கிறார், முகம்தான் தெரியவில்லை.

ஊற்றுக்கண்ணிக்கும் 332 நாள்தான் என்று பையன் பிடிவாதம் பிடித்தான். அப்படியானால் வருடத்துக்கு 33 நாள் முந்தி வருவாள், திருவிழா மாதம் மாதமாக நகர்ந்துவிடும்; சூரியனுக்குப் பக்கத்தில் இருக்கும் வைகாசியில் வந்தால் யாருக்கும் தெரியாது. சடங்கைச் சொன்ன பெண்ணுக்கு அழுகையே வந்துவிட்டது. ஆனால் பதினொரு முறை 332 என்றால் 3652 நாள், சரியாகப் பத்து வருடம்! பத்து வருடத்துக்கு ஒருமுறைதான் உச்ச ஒளியோடு கார்த்திகையில் வருவாள். அந்தப் பெண் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "அப்படியே இருக்கட்டும் ஐயா, ஆறும் அப்படித்தானே வருகிறது" என்றாள். குரு ஒரு சுற்று வர ஏறக்குறைய 12 வருடம் என்று மகாமகத்துக்குக் காத்திருக்கிறோம். 1979க்குப் பிறகு 2019 வரை அத்தி வரதருக்குக் காத்திருந்தோம். காத்திருப்பது நமக்குப் புதிதா?

இன்னொன்று கேள். 1867இல் சென்னை வானாய்வகத்தில் வேலை பார்த்த சிந்தாமணி ரகுநாதாச்சாரி கண்டுபிடித்த ஆர் ரெடிகுலி என்ற நட்சத்திரமும் இதே மைரா வகைதான். அந்த ஆய்வகத்தின் வாரிசாக ஆலங்காயம் தாண்டிக் காவலூரில், ஜவ்வாது மலை மேல், 2.34 மீட்டர் வைணு பாப்பு தொலைநோக்கி 1986 முதல் நிற்கிறது. நம் பேருந்து போகிற தூரம்! இந்தப் பிள்ளைகள் ஒருவர்கூட அதை எட்டிப் பார்த்ததில்லை.

கண்காட்சியில் என்ன நடந்தது தெரியுமா? நடுவராக வந்தவர் அட்டையைப் புரட்டிக்கூடப் பார்க்கவில்லை. "இல்லாத நட்சத்திரத்துக்கு எதற்கு மார்க்?" என்று நகர்ந்துவிட்டார். அந்தப் பெண் அவரை நிறுத்தி, "பாலாற்றில் தண்ணீர்கூட இல்லை ஐயா, அதை ஆறு என்றுதானே சொல்கிறீர்கள்?" என்று கேட்டாள். அவர் பதில் சொல்லவில்லை. பரிசு வழக்கம்போல எரிமலைக்குப் போனது. எனக்கு இன்னும் ஆறவில்லை. மார்க்கை விடு. கணக்கும் கதையும் ஒன்றையொன்று திருத்திக்கொண்டு வளர்ந்ததை இத்தனை வருட வாத்தியார் வேலையில் நான் பார்த்ததே இல்லை, அதை ஒரு நிமிடம் நின்று கேட்க ஆள் இல்லை.

அதனால்தான் உன்னைப் பிடிக்கிறேன். ஆண்டு விழாவுக்கு ஊற்றுக்கண்ணி கூத்து ஒன்று எழுதித் தா. அரை மணி நேரம் போதும். திரைக்குப் பின்னால் அவள் பாடும் விருத்தத்தை நீயே எழுது. கட்டியங்காரன் வாயில் 332உம் பதினொன்றும் வரட்டும், சிரிக்கச் சிரிக்கச் சொல்லட்டும், ஆனால் கணக்கு தப்பக்கூடாது, அந்தப் பையன் விடமாட்டான். அக்கா தங்கை சந்திக்கும் இடத்தில் வசனத்தைக் குறைத்துக்கொள்.

முகவீணைக்காரரை நீதான் பேசி அழைத்து வர வேண்டும், என் பேச்சை அவர் கேட்கமாட்டார். வேஷம் பிள்ளைகளே கட்டுவார்கள், அடவு சொல்லித்தர ஒரு வாரம் முன்னதாகவே வந்துவிடு. அந்த வாரத்தில் ஒரு சனிக்கிழமை எல்லோரையும் காவலூருக்குக் கூட்டிப்போகலாம், வேன் பேசிவிட்டேன். காட்பாடியில் இறங்கியதும் போன் செய், தம்பி வண்டியோடு வந்து நிற்பான்.

அன்புடன்,
குமார்