அந்தக் காயத்தைக் காலம் ஆற்றவில்லை

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். சென்ற இதழில் வந்த ஜப்பான் – அமெரிக்கா கட்டுரையை இரண்டு முறை படித்தேன். 1941 டிசம்பர் 7 பெர்ல் துறைமுகத் தாக்குதலில் தொடங்கி, ஹிரோஷிமா, நாகசாகி வழியாக வந்து, 2016 மே மாதம் ஒபாமா ஹிரோஷிமாவில் மலர்வளையம் வைத்ததையும், அதே ஆண்டு டிசம்பரில் அப்போதைய ஜப்பான் பிரதமர் ஷின்சோ அபே பெர்ல் துறைமுகத்துக்குப் போனதையும் சொல்லி முடித்திருந்தார் கட்டுரையாளர். நல்ல கட்டுரைதான். ஆனால் கடைசியில் ஒரு வரி எழுதியிருக்கிறார்: காலம் அந்தக் காயத்தை ஆற்றிவிட்டதாம். அந்த ஒரு வரிக்காகத்தான் இந்தக் கடிதம்.

நான் முப்பது வருடம் பள்ளியில் வரலாறு நடத்தியவள். நானும் வகுப்பில் ஏறக்குறைய இதையேதான் சொல்லிக்கொடுத்தேன். சண்டை போட்டார்கள், குண்டு விழுந்தது, பிறகு ஒப்பந்தம் போட்டு நண்பர்களாகிவிட்டார்கள். இரண்டு நாடுகளுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டவர்கள் இருந்தார்கள் என்பது என் பாடத்திலும் வரவில்லை, உங்கள் கட்டுரையிலும் வரவில்லை. அமெரிக்காவிலேயே பிறந்து, அங்கேயே படித்து வளர்ந்து, முகம் மட்டும் ஜப்பானிய முகமாக இருந்தவர்களைச் சொல்கிறேன்.

கலிஃபோர்னியாவில் இருக்கும் மகள் வீட்டுக்குப் போனபோது மான்சனார் என்ற இடத்துக்கு என்னைக் கூட்டிப்போனாள். லாஸ் ஏஞ்சல்ஸிலிருந்து காரில் சுமார் நான்கு மணி நேரம். ஒரு பக்கம் பனி மூடிய சியரா நெவாடா மலை, கீழே புழுதிக்காடு. 1942இல் இங்கே ஜப்பானிய வம்சாவளியினர் பத்தாயிரம் பேரை அமெரிக்க அரசு முள்வேலிக்குள் வைத்திருந்தது. காவல் கோபுரம் ஒன்றையும் சில கொட்டகைகளையும் பழைய மாதிரியே மறுபடி கட்டி வைத்திருக்கிறார்கள். பலகைச் சுவர், அதன் மேல் தார்க் காகிதம். நூறடி நீளக் கொட்டகையை நாலாகத் தடுத்து, ஓர் அறைக்கு எட்டுப் பேர் வரை. இரண்டு குடும்பம் ஒரே அறையில் இருந்ததும் உண்டு. பலகை இடுக்கு வழியாகப் புழுதி உள்ளே வந்து, காலையில் எழுந்தால் போர்வை மேலெல்லாம் மண்ணாக இருக்குமாம்.

என்னை நிற்க வைத்தது பெண்கள் கழிப்பறை. அதையும் திரும்பக் கட்டியிருக்கிறார்கள். பீங்கான் இருக்கைகள் முதுகோடு முதுகாக வரிசையாக இருக்கின்றன, நடுவில் ஒரு தட்டி கூடக் கிடையாது. வயதான அம்மாக்கள் கூச்சத்தில் நள்ளிரவு வரை அடக்கிக்கொண்டிருப்பார்களாம். சிலர் பெரிய அட்டைப் பெட்டியைத் தூக்கிவந்து சுற்றிலும் மறைத்துக்கொள்வார்களாம். நான் அங்கே ரொம்ப நேரம் நின்றுவிட்டேன். மகள்தான் வந்து கையைப் பிடித்து அழைத்துப்போனாள்.

பெர்ல் துறைமுகத்தில் குண்டு போட்டதற்கும் இந்த அம்மாக்களுக்கும் என்ன சம்பந்தம்? அமெரிக்க அதிபர் ரூஸ்வெல்ட் 1942 பிப்ரவரி 19இல் 9066ஆம் எண் ஆணையில் கையெழுத்துப் போட்டார். அதன் பேரில் மேற்குக் கரையிலிருந்து ஏறத்தாழ 1,20,000 பேரை வெளியேற்றினார்கள். மூன்றில் இரண்டு பங்கினர் அமெரிக்கக் குடிமக்கள். கையில் தூக்க முடிந்ததை மட்டும் எடுத்துக்கொள்ளலாம் என்று சொல்லிவிட்டார்கள். கடை, தோட்டம், மீன்பிடி படகு எல்லாம் வந்த விலைக்குப் போயின. முகாம் தயாராகும் வரை சாந்தா அனிதா குதிரைப் பந்தயத் திடலின் லாயங்களில் தங்கவைத்தார்கள்.

இதற்கு ராணுவத் தரப்பிலிருந்து முன்னால் நின்றவர் ஜெனரல் டெவிட். அவர் சொன்ன காரணத்தைக் கேட்டால் தலை சுற்றும். இதுவரை எந்த நாசவேலையும் நடக்கவில்லையாம். அப்படி நடக்காமல் இருப்பதே இனி நடக்கப் போகிறது என்பதற்கு அறிகுறியாம். ஆனால் குண்டு விழுந்த ஹவாயிலேயே ஜப்பானிய வம்சாவளியினர் ஒன்றரை லட்சத்துக்கு மேல் இருந்தார்கள், மக்கள்தொகையில் மூன்றில் ஒரு பங்குக்கும் அதிகம். அங்கே இரண்டாயிரத்துக்கும் குறைவானவர்களைத்தான் பிடித்தார்கள். மற்றவர்களையும் அடைத்துவிட்டால் அந்தத் தீவுகளில் வேலை செய்ய ஆள் இருக்காது. அவ்வளவுதான் விஷயம்.

இந்த வெறுப்பு 1941இல் திடீரென முளைத்ததும் இல்லை. 1906இலேயே சான் பிரான்சிஸ்கோவில் ஜப்பானியப் பிள்ளைகளைத் தனிப் பள்ளிக்குப் போகச் சொன்னார்கள். 1913இல் கலிஃபோர்னியாவில் நிலம் வாங்கத் தடை. ஜப்பானியருக்குக் குடியுரிமை கிடையாது என்று 1922இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. (அடுத்த மூன்று மாதத்தில், அங்கே குடியேறியிருந்த பகத் சிங் திண்ட் என்ற சீக்கியரின் வழக்கில் நம்மவர்களுக்கும் அதையே சொன்னார்கள்.) 1924இல் குடியேற்றக் கதவையே சாத்திவிட்டார்கள். குடியுரிமை கேட்டவர்களுக்குத் தர மாட்டோம் என்று சொல்லிவிட்டு, முகாமில் அடைத்த பிறகு அவர்களிடமே விசுவாசப் படிவத்தை நீட்டி, ஜப்பான் சக்கரவர்த்திக்குக் கட்டுப்பட மாட்டேன் என்று எழுதித்தரச் சொன்னார்கள். எழுதித்தந்தால் எந்த நாடும் இல்லாதவர்களாக ஆகிவிடுவார்கள்.

சரி, இந்தக் காயம் எப்படி ஆறியது? இங்கேதான் கட்டுரையாளரோடு எனக்குச் சண்டை. முகாம்களிலிருந்து வந்த பிள்ளைகள் பலர் அமெரிக்க ராணுவத்தின் 442ஆவது படைப்பிரிவில் சேர்ந்து இத்தாலியிலும் பிரான்சிலும் ரத்தம் சிந்தினார்கள். அப்போதும் ஆறவில்லை. ஆணையை எதிர்த்து நின்ற பிரெட் கோரமாட்சு என்ற வெல்டரை உச்ச நீதிமன்றம் 1944இல் 6க்கு 3 என்ற கணக்கில் குற்றவாளிதான் என்றது. 1951இல் ஜப்பானோடு சமாதான ஒப்பந்தம் கையெழுத்தாகிவிட்டது, ஆனால் சொந்தக் குடிமக்களிடம் மன்னிப்புக் கேட்க யாரும் வரவில்லை. முகாமில் இருந்தவர்கள் தங்கள் பிள்ளைகளிடம்கூட இதைப் பேசாமலே வாழ்ந்தார்கள்.

அப்புறம் ஐக்கோ ஹெர்சிக்-யோஷினாகா என்ற பெண் வந்தார். பள்ளிப் படிப்பு முடியும் நேரத்தில் முகாமுக்கு அனுப்பப்பட்டவர். முதல் குழந்தையை மான்சனாரில் பெற்றார். வரலாற்றில் பட்டம் எதுவும் கிடையாது. ஐம்பது வயதுக்கு மேல், வாஷிங்டனில் உள்ள தேசிய ஆவணக் காப்பகத்துக்குத் தினமும் போய், பெட்டி பெட்டியாகக் காகிதம் புரட்டினார். 1982இல் அங்கே ஒரு மேஜை மேல் கிடந்த அறிக்கை அவர் கண்ணில் பட்டது. மக்களை வெளியேற்றியதைப் பற்றி டெவிட் கொடுத்த அறிக்கையேதான், ஆனால் வெளியில் வந்த பதிப்பு இல்லை. யார் விசுவாசி, யார் இல்லை என்று பிரித்துப் பார்க்க நேரம் இல்லை என்று அரசு நீதிமன்றத்தில் சொல்லியிருந்தது. இந்த முதல் பதிப்பில், நேரம் ஒரு பிரச்சினையே இல்லை, இந்த இனத்தில் பிரித்தறியவே முடியாது என்று எழுதியிருந்தது. அந்தப் பிரதிகளையெல்லாம் எரிக்கச் சொல்லியிருந்தார்கள். ஒன்று தப்பித்துக் கிடந்திருக்கிறது.

அந்தக் காகிதமும், வேறு ஆய்வாளர்கள் தோண்டி எடுத்த ஆவணங்களும் சேர்ந்துதான் 1983இல் கோரமாட்சு மீதான தீர்ப்பை ரத்து செய்ய வைத்தன. நீதிமன்றத்திடம் உண்மையை மறைத்தது எங்கள் தவறுதான் என்று அரசின் சட்டத் துறை 2011இல் பகிரங்கமாக ஒப்புக்கொண்டது. அதை எழுதியவர் நீல் கத்யால், இந்தியப் பெற்றோருக்குப் பிறந்தவர்.

இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். முகாம்களில் அடைக்கப்பட்டவர்கள் இழப்பீட்டுக்காகப் போராடிய எண்பதுகளில் ஜப்பான் மீதான கோபம் அமெரிக்காவில் மறுபடி உச்சத்தில் இருந்தது. ஜப்பான் கார்களால் டெட்ராய்ட்டில் வேலை போனது என்ற ஆத்திரத்தில் 1982இல் வின்சென்ட் சின் என்ற இளைஞரை பேஸ்பால் மட்டையால் அடித்துக் கொன்றார்கள். அவர் ஜப்பானியரே இல்லை, சீன வம்சாவளி. கொன்றவர்களுக்கு 3,000 டாலர் அபராதமும் நன்னடத்தைக் கண்காணிப்பும்தான், சிறை இல்லை. 1987இல் நாடாளுமன்ற வாசலில் உறுப்பினர்கள் தோஷிபா ரேடியோவைச் சம்மட்டியால் உடைத்தார்கள். அந்தச் சூழ்நிலையில்தான், நாங்கள் கேட்பது ஜப்பானுக்குப் பணம் இல்லை, அமெரிக்கக் குடிமக்களுக்கு நியாயம் என்று ஒவ்வோர் உறுப்பினரிடமும் போய்ப் புரியவைத்தார்கள். பத்து வயதில் முகாமுக்குப் போன நார்மன் மினெட்டா உறுப்பினராக இருந்து அந்த இழப்பீட்டு மசோதாவை நகர்த்தினார். ரயில் ஏறும்போது அவர் கையில் இருந்த பேஸ்பால் மட்டையை ஆயுதம் என்று சொல்லிச் சிப்பாய்கள் பிடுங்கிக்கொண்டார்களாம்.

1988 ஆகஸ்ட் 10இல் அதிபர் ரீகன் அந்தச் சட்டத்தில் கையெழுத்துப் போட்டார். அரசின் மன்னிப்பும் ஆளுக்கு 20,000 டாலரும் கிடைத்தன. 82,000க்கும் மேற்பட்டோர் பெற்றார்கள். ஆனால் அந்தத் தேதிக்கு முன்பே இறந்துபோனவர்களின் குடும்பத்துக்கு எதுவும் இல்லை. கழிப்பறையில் அட்டைப் பெட்டிக்குள் ஒளிந்துகொண்ட அந்த வயதான அம்மாக்களில் பெரும்பாலோர் அதற்குள் போயிருப்பார்கள். நாற்பத்தாறு வருடம் என்பது அவர்களுக்கு மருந்தாக இருந்ததா, சொல்லுங்கள்.

1990 அக்டோபரில் முதல் காசோலைகளைக் கொடுத்த விழாவில், சக்கர நாற்காலியில் வந்த முதியவர்களுக்கு முன்னால் அமெரிக்க அட்டர்னி ஜெனரல் முழங்கால் போட்டு நின்று கொடுத்தார். ஒபாமா, அபே படங்களோடு இதையும் நீங்கள் போட்டிருக்கலாம்.

கட்டுரை புத்தகமாக வரப்போவதாகக் குறிப்பிட்டிருக்கிறீர்கள். அச்சுக்குப் போகும் முன் அந்தக் கடைசி வரியை எடுத்துவிட்டு, அந்த இடத்தில் ஐக்கோவின் பெயரைச் சேர்க்கும்படி கட்டுரையாளரிடம் தயவுசெய்து சொல்லுங்கள்.

அன்புடன்,
ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர்,
பாளையங்கோட்டை