மொய்யை நம்பித் தேய்த்த கார்டு

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். ஆவணி முகூர்த்தங்கள் நெருங்கும் நேரத்தில், திருமணச் செலவை ரிவார்டு பாயிண்ட் தரும் கிரெடிட் கார்டில் செய்துவிடலாம் என்று எண்ணிக்கொண்டிருக்கும் குடும்பங்களுக்காக இதை எழுதுகிறேன். புதுக்கோட்டை மாவட்டத்தில் பள்ளி ஆசிரியராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். கடந்த வைகாசியில் என் மகளின் திருமணம் நடந்தது. ஓசூரில் வேலை பார்க்கும் என் மகன், "எப்படியும் செலவழிக்கத்தானே போறோம்பா, கார்டுல போட்டா பாயிண்டாவது வரும்" என்று சொன்னபோது எனக்கும் அது சரியென்றே பட்டது.

ஒரே வாரத்தில் மூன்று இடங்களில் கார்டைத் தேய்த்தோம். நகைக்கு ரூ.2,80,000, பட்டுக்கும் துணிமணிக்கும் ரூ.1,10,000, மண்டபத்துக்கும் சமையலுக்கும் ரூ.1,60,000, ஆக மொத்தம் ரூ.5,50,000. நகைக்கடையில் கூலி, சேதாரம், வரி எல்லாம் பேசி முடித்து, கார்டை நீட்டிய பிறகுதான் விற்பனையாளர் மதிப்பீட்டுச் சீட்டின் ஓரத்தில் பென்சிலால் '+2%' என்று எழுதினார். மண்டபத்திலும் அதே இரண்டு விழுக்காடு. இரண்டு இடங்களிலும் சேர்த்து ரூ.8,800 கூடுதலாகக் கொடுத்தோம். துணிக்கடையில் மட்டும் அப்படி எதுவும் கேட்கவில்லை.

கிடைத்த பாயிண்டுகளைப் பின்னர் உட்கார்ந்து கணக்குப் பார்த்தேன். அந்த கார்டின் நிபந்தனைப்படி நகைக்குப் பாயிண்ட் கிடையாது. மீதி ரூ.2,70,000 செலவுக்கு, நூறு ரூபாய்க்கு ஒரு பாயிண்ட் வீதம் 2,700 பாயிண்டுகள் சேர்ந்தன. ஒரு பாயிண்டின் மதிப்பு 25 காசு என்பதால் அதன் பெறுமதி ரூ.675. குறிப்பிட்ட தொகைக்கு மேல் செலவு செய்ததற்காக ரூ.2,500-க்கு ஒரு பரிசுச் சீட்டும் வந்தது. ஆக, ரூ.3,175 பெறுவதற்காக ரூ.8,800 கொடுத்திருக்கிறோம்.

இதோடு முடிந்திருந்தால் நான் இக்கடிதத்தை எழுதியிருக்க மாட்டேன். பில் கட்ட வேண்டிய நாள் ஏறத்தாழ நாற்பது நாள் கழித்து வந்தது. அதற்குள் மொய்ப் பணம் வந்துவிடும், அதைக் கொண்டு கட்டிவிடலாம் என்பதே எங்கள் திட்டம். மொய் ரூ.3 லட்சத்துக்குச் சற்று மேல் வந்தது, ரூ.3 லட்சத்தை அப்படியே கட்டினோம். மீதி ரூ.2,50,000-க்கு மட்டுமே வட்டி விழும் என்று நம்பியிருந்தோம். ஆனால் முழுத் தொகையையும் உரிய நாளில் கட்டாவிட்டால் வட்டியில்லாக் காலம் என்ற சலுகையே இல்லாமல் போய், வாங்கிய நாளிலிருந்து மொத்தத் தொகைக்கும் வட்டி போடப்படும் என்பதை அடுத்த பில்லைப் பார்த்த பிறகே அறிந்தோம். மாதத்துக்கு 3.5 விழுக்காடு, அதாவது ஆண்டுக்கு 42 விழுக்காடு. அந்த வட்டியின் மீது 18 விழுக்காடு ஜிஎஸ்டி. அடுத்த முப்பது நாளில் என் மனைவியின் நகையை அடகு வைத்துக் கணக்கை முடித்தபோது, வட்டியும் வரியுமாகப் போனது ஏறத்தாழ ரூ.40 ஆயிரம். ஆண்டுக்குப் பத்து விழுக்காட்டை ஒட்டிய வட்டியில் கிடைக்கும் நகைக்கடனை முதலிலேயே வாங்கியிருந்தால், அதே எழுபது நாளுக்கு இதில் நான்கில் ஒரு பங்குகூட ஆகியிருக்காது.

எங்கள் பக்கத்தில் 'மூணு வட்டி' என்றாலே வாசற்படி ஏற மாட்டார்கள். கந்துவட்டியைத் தடுக்க 2003-இல் தமிழ்நாட்டில் தனிச் சட்டமே இயற்றப்பட்டது. அப்படிப்பட்ட ஊரில் மூன்றரை வட்டியைப் படித்த பிள்ளையும் ஆசிரியராக இருந்த தகப்பனும் சேர்ந்து வீட்டுக்குள் கொண்டுவந்துவிட்டோம். கார்டு வட்டிக்கு ஆண்டுக்கு 30 விழுக்காடு என்ற உச்சவரம்பை தேசிய நுகர்வோர் ஆணையம் 2008-இல் விதித்திருந்தது. அந்தத் தீர்ப்பை 2024 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்துவிட்டது. எனவே இந்த வட்டியிலிருந்து நம்மைக் காப்பது நம் கையிருப்பு மட்டுமே.

மொய்யைப் பற்றியும் சொல்ல வேண்டும். கீரமங்கலம், பேராவூரணி பக்கங்களில் ஆடி மாதத்து மொய் விருந்துகளைப் பார்த்தவர்களுக்கு இது விளங்கும். மொய் நோட்டில் ஊர், பெயர், தொகை என்று வரிவரியாக எழுதுவது நன்றி சொல்வதற்காக மட்டுமல்ல. அவரவர் வீட்டு விசேஷத்தில் திருப்பிச் செய்ய வேண்டிய கடன் அது. வட்டி கிடையாது, அவர்கள் வீட்டில் நல்ல காரியம் வரும்வரை காலமும் உண்டு. அந்தப் பணத்தைக் கார்டு பில்லுக்குக் கட்டியபோது, நாள் குறித்த ஒரு கடனை அடைக்க ஊராரின் கடனை எடுத்தோம். மகள் திருமணத்து மொய் நோட்டில் இருக்கும் ஒவ்வொரு பெயருக்கும் இனி நான் திரும்பச் செய்தாக வேண்டும்.

கார்டே கூடாது என்று நான் சொல்ல வரவில்லை. திருமணத்துக்கென்று பல ஆண்டுகளாகச் சேர்த்த பணத்தை வங்கிக் கணக்கில் வைத்துக்கொண்டே கார்டில் செலவு செய்து, உரிய நாளில் முழுத் தொகையும் தானாகவே கணக்கிலிருந்து போகும்படி ஏற்பாடு செய்த ஒரு குடும்பத்தை அறிவேன். அவர்களுக்கு வந்த பாயிண்ட் உண்மையான லாபம். மேலும் 2017 முதல் ஒரே நிகழ்வுக்காக ஒருவரிடமிருந்து ரூ.2 லட்சமோ அதற்கு மேலோ ரொக்கமாக வாங்குவது வருமான வரிச் சட்டப்படி தடை செய்யப்பட்டிருப்பதால், கார்டு ரசீது நல்ல சான்றாகவும் இருக்கும்.

நான் கேட்பது இவைதான். கார்டுக்குத் தனிக் கட்டணம் உண்டென்றால் நகைக்கடையும் மண்டபமும் அதை விலை பேசும்போதே சொல்ல வேண்டும். பில் போடும் மேசையில் வைத்துச் சொல்லக் கூடாது. குறைந்தபட்சத் தொகையை மட்டும் கட்டி வந்தால் கடன் பல ஆண்டுகள் நீளும் என்று ஒவ்வொரு பில்லிலும் எச்சரிக்கை அச்சிடப்படுகிறது. ரிசர்வ் வங்கியின் விதி அது. ஆனால் எங்களுக்கு வந்த பில்லில் அது ஆங்கிலத்தில், பொடி எழுத்தில், கடைசிப் பக்கத்தில் இருந்தது. அதைத் தமிழில், முதல் பக்கத்தில் அச்சிட வேண்டும். பாயிண்டுகளின் எண்ணிக்கைக்குப் பக்கத்திலேயே அவற்றின் ரூபாய் மதிப்பையும் போட வேண்டும். 2,700 என்று பார்த்த இடத்தில் ரூ.675 என்று பார்த்திருந்தால், என் மகன் அன்றே கார்டைப் பையில் வைத்திருப்பான்.

இப்படிக்கு,
ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர்,
புதுக்கோட்டை மாவட்டம்.