பருப்பு டப்பாவில் சாய்ந்த போன்

அன்புள்ள மகளுக்கு,

பொங்கல் முடிஞ்சு நீ சென்னைக்கு பஸ் ஏறி பத்து நாளாச்சு. மறந்துட்டுப் போன சார்ஜர் மேசை மேலயே கிடக்கு. கூரியர் போடறேன், போடறேன்னு அப்பா சொல்லிட்டே இருக்கார்.

ஒண்ணாங்கிளாஸிலேருந்து உன்கூடப் படிச்சவ அன்னைக்கு வந்தாளே, அதைத்தான் எழுத வந்தேன். வீடியோ எடுக்கப் போனைப் பருப்பு டப்பா மேல சாய்ச்சு வெச்சுட்டு, "நீ பாட்டுக்குப் பேசுடி"ன்ன. நான் தேங்காய் துருவிக்கிட்டே பார்த்தேன். வரும்போதே முகம் வாடி வந்தா. ஸ்கிரீன்ல தன்னைப் பார்த்ததும் முந்தானையை இழுத்துவிட்டு, முடியை ஒதுக்கி, "எல்லாரும் நல்லா இருக்கோம்"னு டிவியில பேசற மாதிரி சொன்னா.

சாயங்காலம் நீ கடைக்குப் போனப்ப திரும்பவும் வந்தா. புறவாசல்ல துவைக்கிற கல்லுல உட்கார்ந்து அரைமணி நேரம் அழுதா. என்னன்னு நான் எழுத மாட்டேன். அது உன்கிட்ட சொல்ல வந்தது.

ஏன் சொல்லலைன்னு கேட்டேன். தீபாவளிக்கு நீ இன்ஸ்டாகிராம்ல போட்ட ஸ்டோரியைச் சொன்னா. தனிக்குடித்தனம் போனா நல்லாருக்கும்னு அவ விளையாட்டாச் சொன்னது அதுல இருந்துச்சாம். 24 மணி நேரத்துல தானா போயிடும்னு நீ சொல்லுவ. அதுக்குள்ள மாமியார் வீட்டுல பார்த்துட்டாங்க. உனக்கு ஹார்ட்டு வந்துச்சு, அவ பொங்கல் வரைக்கும் பேச்சு வாங்கினா.

உன்னை மட்டும் சொல்லல. 2020 ஜூன்ல டிக்டாக்கைத் தடை பண்ணாங்க, ஜூலையிலயே ரீல்ஸ் வந்துச்சு. லாக்டவுன்ல மொட்டை மாடியில நீ ஆடினதை எடுத்துக் கொடுத்ததே நான்தான். எங்க காலத்துல ரோலுக்கு 36 படம், அதுலயும் நாலஞ்சு வெளிச்சம் பட்டுப் போயிடும். எடுத்தாச்சுன்னா கேமராவை உறையில போட்டுட்டுப் பேச உட்காருவோம்.

அமெரிக்காவுல லிண்டா ஹென்கெல்னு ஒரு உளவியல் பேராசிரியை, அருங்காட்சியகத்துல ஆட்களை விட்டு ஒரு ஆய்வு செஞ்சாங்க, 2014ல வெளியாச்சு. படம் எடுத்த பொருளைவிட, சும்மா பார்த்த பொருள்தான் அவங்களுக்கு நல்லா ஞாபகம் இருந்துச்சாம். வகுப்புல பிள்ளைகளுக்கெல்லாம் சொல்லியிருக்கேன், உனக்குத்தான் சொல்லாம விட்டுட்டேன். அன்னைக்கு அவ கழுத்துல சங்கிலி இல்ல, வெறும் மஞ்சக்கயிறுதான். எதிர்லயே உட்கார்ந்திருந்தியே, பார்த்தியா? வீடியோவைப் போட்டுப் பாரு, தெரியும். பார்க்கிறவங்களுக்கும் தெரியும். இன்னும் போடலைன்னா அதைப் போட்டுடாத.

ஞாயித்துக்கிழமை மத்தியானம் அவ வீட்டுல தனியா இருப்பா. வீடியோ கால் வேண்டாம். சும்மா போன் பண்ணு.

அம்மா