திகில் மங்காவை வலமிருந்தே படிக்க விடுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம்.

பள்ளி, கல்லூரிப் பிள்ளைகளின் கையில் இப்போது ஜப்பானியத் திகில் மங்கா (படக்கதை) புத்தகங்களைப் பார்க்க முடிகிறது. வீட்டுப் பெரியவர்கள் அதை வாங்கிப் புரட்டும்போது நம் வழக்கப்படி இடப்பக்க அட்டையைத் திறக்கிறார்கள். மங்கா வலமிருந்து இடமாக ஓடுவது. அதனால் அங்கே இருப்பது கதையின் முடிவு. தலையும் காலும் புரியாமல் உச்சகட்டக் கோரப் படத்தில்தான் முதலில் கண் விழுகிறது. புத்தகம் அலமாரிக்கு மேலே போய்விடுகிறது. பிள்ளைகளோ அதே கதையை யாரோ நகலெடுத்துப் போட்ட மங்கலான பக்கங்களாகச் செல்பேசியில் தள்ளித் தள்ளிப் பார்த்துவிட்டு, "இதில் என்ன பயம் இருக்கிறது?" என்கிறார்கள். இரு தரப்பாருக்கும் கிடைக்காமல் போவது ஒன்றுதான்: தாள் புரளும் அந்த நொடி. திகில் மங்கா முழுவதும் அந்த நொடியை நம்பித்தான் வரையப்படுகிறது. அதைக் காப்பாற்ற வாசகர்களும் நூலகர்களும் பதிப்பாளர்களும் செய்ய வேண்டியவற்றை எழுத இடம் தர வேண்டுகிறேன்.

முதலில் திசை. புத்தகத்தின் முதுகு வலக்கைப் பக்கம் வரும்படி பிடிக்க வேண்டும். நமக்குப் பின்னட்டை போலத் தெரிவதே முன்னட்டை. பக்கத்தின் மேல்வரிசையில் வலக்கோடியிலுள்ள கட்டத்தில் தொடங்கி இடப்புறம் நகர்ந்து, பிறகு அடுத்த வரிசைக்கு இறங்கி மறுபடியும் வலமிருந்து படிக்க வேண்டும். ஒரே கட்டத்துக்குள் இருக்கும் பேச்சுக் குமிழ்களுக்கும் இதே ஒழுங்குதான். புதியவர்கள் தடுமாறும் இடம் ஒன்று உண்டு: வலப்புறம் இரண்டு வரிசை உயரத்துக்கு ஒரு நீளக் கட்டம், அதன் இடப்புறம் ஒன்றன்கீழ் ஒன்றாக இரண்டு சின்னக் கட்டங்கள். நீளக் கட்டத்தை முடித்துவிட்டு இடது மேல், இடது கீழ் என்று போக வேண்டும். குழப்பமாக இருந்தால் கட்டங்களுக்கு நடுவிலுள்ள வெள்ளை இடைவெளியைப் பாருங்கள். பக்கத்துப் பக்கத்துக் கட்டங்களுக்கு நடுவே குறுகலாகவும், மேல்வரிசைக்கும் கீழ்வரிசைக்கும் நடுவே அகலமாகவும் இடம் விடுவது அங்கே பொது வழக்கம். குறுகிய சந்தை முதலில் தாண்டுங்கள், அகலமானதைப் பிறகு.

அடுத்தது தாள் புரட்டல். ஜப்பானிய ஓவியர்கள் இதை 'மெகுரி' என்கிறார்கள். வலப்புறம் தைத்த புத்தகத்தில் ஒற்றைப்படைப் பக்கங்கள் இடப்புறமும் இரட்டைப்படைப் பக்கங்கள் வலப்புறமும் விழும். இடப்பக்கத்தின் கீழ்மூலைக் கட்டம்தான் தாள் புரளுவதற்கு முன் கண் கடைசியாக நிற்கும் இடம். அங்கே ஒருத்தி கதவின் பிடியில் கை வைப்பாள், அல்லது யாரோ திரும்பிப் பார்ப்பார். பார்த்தது என்ன என்று காட்டப்படாது. புரட்டியதும் வலப்பக்கம் முழுக்க அந்தக் காட்சி விரியும். திகில் மங்கா ஓவியர் ஜூன்ஜி இட்டோவின் கதை எதை எடுத்தாலும் இந்தக் கட்டுமானத்தைப் பார்க்கலாம். கதவைத் திறப்பவர் வாசகர்தான். அதனால்தான் சிலருக்குப் புரட்டவே கை தயங்குகிறது. நடுவில் ஒரே ஒரு பக்கம் கூடினாலோ குறைந்தாலோ இந்த ஏற்பாடு முழுவதும் குலைந்துவிடும். காட்டக் கூடாத படம், காத்திருக்க வேண்டிய கட்டத்துக்கு எதிரிலேயே வந்து உட்கார்ந்துகொள்ளும். விளம்பரமோ முன்னுரையோ சேர்க்கும் பதிப்பாளர்கள் அதை இரண்டு, நான்கு என்று இரட்டைப்படையில்தான் சேர்க்க வேண்டும்.

திரையில் படிப்பதைத் தப்பென்று சொல்லவில்லை. காசு கொடுத்து வாங்கிய மின்பதிப்பை 10 அங்குலத்துக்குக் குறையாத கைக்கணினியில், படுக்கைவாட்டில், இரண்டு பக்கங்கள் சேர்ந்து தெரியும்படி படித்தால் பெரும்பகுதி தப்பிவிடும். செயலியின் அமைப்பில் மூன்றைச் சரிபார்க்க வேண்டும்: வலமிருந்து இடம், இருபக்கக் காட்சி, அட்டை மட்டும் தனியாக. மூன்றாவதை விட்டுவிட்டால் அட்டையும் முதல் பக்கமும் ஜோடி சேர்ந்து, அதன்பின் எல்லாப் பக்கங்களும் ஒன்று தள்ளிப் போகும். இரட்டைப்பக்கப் படத்தில் ஒரு முகம் பாதியாக வெட்டுப்பட்டுத் தெரிந்தால் இதுதான் காரணம். செங்குத்தாகத் தள்ளிப் படிக்கும் முறை எல்லாவற்றையும்விட மோசம். கோரப் படத்தின் நெற்றி முதலில் எட்டிப் பார்க்கும், அப்புறம் கண், அப்புறம் வாய். அதிர்ச்சி அரைக்கால் காலாகப் பிரிந்து செத்துப்போகும்.

படத்தின் தரமும் இதில் சேர்ந்தது. மங்கா ஓவியர்கள் பெரும்பாலும் பி4 அளவுத் தாளில், 180 மி.மீ. அகலமும் 270 மி.மீ. உயரமும் உள்ள உள்சட்டத்துக்குள் வரைவார்கள். நூலாகும்போது அது ஏறக்குறைய பாதியாகச் சுருங்கும். இட்டோ நிழலுக்குச் சாம்பல் பூசுவதைவிட மெல்லிய பேனாக் கோடுகளை ஆயிரக்கணக்கில் நெருக்கி இழுப்பதையே அதிகம் நம்புகிறார். அவர் பல் தொழில்நுட்பராக வேலை பார்த்தவர். அந்த நுணுக்கம் கோட்டில் தெரியும். குறைந்த துல்லியத்தில் நகலெடுத்தால் இந்தக் கோடுகள் ஒன்றோடொன்று ஒட்டிக் கரும்பூச்சாகிவிடும். புள்ளித்திரை (நிழலுக்காகச் சிறுபுள்ளிகள் அச்சிட்ட ஒட்டுத்தாள்) ஒட்டிய இடங்களில் அலையலையாக வேண்டாத கோலம் தோன்றும். கறுப்பு வெள்ளைக் கோட்டோவியத்தை அங்குலத்துக்கு 600 புள்ளிக்குக் குறையாமல், முடிந்தால் 1200இல் நகலெடுத்தால்தான் கோடு கோடாக நிற்கும். கள்ள நகல்களில் படித்துவிட்டு 'சுமார்' என்று தீர்ப்புச் சொல்லும் இளைஞர்கள் பார்த்தது அந்த ஓவியத்தையே அல்ல.

எதில் தொடங்குவது? பத்து வயதுப் பிள்ளைக்கு ஷிகெரு மிஸுகி. இரண்டாம் உலகப் போரில் பசிபிக் தீவுப் போர்முனையான ரபவுலில் இடக்கையை இழந்து, மிச்சக் கையால் ஜப்பானியக் கிராமத்துப் பேய் பிசாசுகளையெல்லாம் வரைந்து வைத்தவர். அவருடைய 'கிதாரோ' கதைகளில் பயத்தைவிடப் பாசம் அதிகம். அடுத்து கஸுவோ உமெஸு. 1960களில் சிறுமியர் வார இதழில் பாம்பாக மாறும் தாயைப் பற்றி வரைந்து அந்தத் தலைமுறையையே தூங்கவிடாமல் செய்தவர். 2024 அக்டோபரில் 88 வயதில் காலமானார். ஒரு தொடக்கப்பள்ளி பிள்ளைகளோடு அப்படியே பெயர்ந்து, பாலைவனமாகிப்போன எதிர்காலத்தில் போய் விழும் அவருடைய 1972-74 தொடர், குழந்தைகளைப் பற்றியது என்றாலும் குழந்தைகளுக்கு உடனே தரக்கூடியது அல்ல. பசியும் சாவும் பிள்ளைகளுக்குள்ளேயே நடக்கும் கொலையும் ஒளிவுமறைவின்றி வருகின்றன. 15 வயதுக்கு மேல் கொடுக்கலாம் என்பது என் கருத்து.

"பெண்பிள்ளை இதையெல்லாம் படிக்கலாமா?" என்று கேட்பவர்களுக்கு ஒரு தகவல். இந்த வகை பெரிதும் வளர்ந்ததே பெண்பிள்ளைகளின் இதழ்களில்தான். இட்டோவின் முதல் கதையும், உமெஸுவின் பெயரிலான பரிசுப் போட்டியில் 1987இல் பாராட்டுப் பெற்று, 'ஹாலோவீன்' என்ற சிறுமியர் மாத இதழில்தான் வெளிவந்தது. நடுவர்களில் ஒருவர் உமெஸுவேதான்.

இட்டோவின் 'உஸுமாகி' 1998-99இல் தொடராக வந்து மூன்று தொகுதிகளானது. ஆங்கிலத்தில் 600 பக்கங்களுக்கு மேல் ஒரே கெட்டி அட்டைப் புத்தகமாகக் கிடைக்கிறது. முதல் பாதியில் ஒவ்வோர் அத்தியாயமும் ஏறக்குறையத் தனிக்கதை. அவற்றை நாளுக்கு ஒன்று, மிஞ்சினால் இரண்டு என்று படியுங்கள். ஒரே மூச்சில் இழுத்தால் நான்காவது கதையிலேயே கண் மரத்துப்போகும். பிற்பாதி ஒரே ஓட்டம். அதை நிறுத்தாமல் படிக்கலாம். இந்தக் கதையில் ஏமாற்றம் அடைபவர்கள் பெரும்பாலும் காரணம் தேடுபவர்கள். அச்சம் பிறக்கும் இடங்கள் நான்கு என்று தொல்காப்பியம் வகுத்தது: 'அணங்கே விலங்கே கள்வர்தம் இறை' என. அதாவது வருத்தும் தெய்வம் அல்லது பேய், விலங்கு, கள்வர், அரசர். மிஸுகியின் பிசாசுகள் அணங்கு. உமெஸுவின் பாம்புத் தாய் அணங்கும் விலங்கும் சேர்ந்தவள். இட்டோவின் ஊரைப் பிடித்து ஆட்டுவது சுழல் என்ற வெறும் வடிவம். அதற்குப் பகையும் இல்லை, பழிவாங்கும் கதையும் இல்லை. "யார் செய்தது, எதற்கு?" என்று கேட்டுக்கொண்டே போனால் கடைசியில் கை வெறுமையாகத்தான் இருக்கும். நத்தை ஓடு, கூந்தல், புகை, காதுக்குள் இருக்கும் நத்தைச்சுருள் என்று சுழல் எங்கெல்லாம் முளைக்கிறது என்பதைக் கவனித்துக்கொண்டு போங்கள்.

பருமனான புத்தகத்தை வாங்கியதும் நடுவில் விரித்து அழுத்தாதீர்கள், முதுகு பிளந்துவிடும். முதுகை மேசையில் ஊன்றி, இரண்டு அட்டைகளையும் விரித்துவிட்டு, முன்னால் பத்துப் பதினைந்து தாள், பின்னால் பத்துப் பதினைந்து தாள் என்று மாறி மாறி மெல்ல நீவி நடுவுக்கு வாருங்கள். இப்படிச் செய்த புத்தகத்தில் இரட்டைப்பக்கப் படத்தின் நடுப்பகுதி மடிப்புக்குள் முழுகாமல் தெரியும்.

நூலகர்களிடம் சில வேண்டுகோள்கள். நூலக முத்திரையும் தேதித் தாளும் வழக்கம்போல இடப்பக்க அட்டைக்குள் விழுகின்றன. மங்காவில் அது கதையின் கடைசிப் பக்கம். முடிவுக் கட்டத்தின் மேலேயே தேதித் தாளை ஒட்டிவிட்டால் அந்தக் கதைக்கு முடிவே இல்லாமல் போகும். அச்சு இல்லாத அட்டை உட்புறத்தில் மட்டும் ஒட்டுங்கள். பிய்ந்த பிரதியை மறுகட்டுக்கு அனுப்பும்போது பக்கவாட்டில் துளையிட்டுத் தைக்க விடாதீர்கள். உள்விளிம்பில் ஒரு சென்டிமீட்டர் போனாலும் இரட்டைப்பக்கப் படத்தின் நடுத்துண்டு போய்விடும். முதுகில் ஒட்டும் எண்சீட்டு தொகுதி எண்ணை மறைக்கக் கூடாது. 'படக்கதை' என்ற ஒரே காரணத்துக்காக இவற்றைச் சிறுவர் பகுதியில் வைக்கவும் கூடாது. பதிப்பாளர் பின்னட்டையில் அச்சிட்டிருக்கும் வயதுக் குறியைப் பார்த்து வைத்தாலே பெற்றோரின் பாதிப் புகார்கள் நின்றுவிடும்.

திகில் மங்காவைத் தமிழில் கொண்டுவர நினைக்கும் பதிப்பாளர்களுக்குச் சொல்ல நிறைய இருக்கிறது. 1972 முதல் முத்து காமிக்ஸையும் 1984 முதல் லயன் காமிக்ஸையும் அச்சடித்துத் தந்த சிவகாசி நமக்கு இருக்கிறது. ஆனால் ஐரோப்பியக் கதைகளுக்குப் பழகிய கை, பக்கங்களைக் கண்ணாடியில் பார்ப்பதுபோல இடவலமாகத் திருப்பிவிடலாம் என்று நினைக்கக் கூடும். ஆரம்பகால ஆங்கிலப் பதிப்புகள் அப்படித்தான் செய்தன. ஜப்பானியரின் மரபு உடையான கிமோனோவை அணியும்போது உயிருள்ளவர்கள் இடப்புற மடிப்பை மேலே விடுவார்கள். வலப்புற மடிப்பை மேலே விட்டு உடுத்துவது பிணத்துக்கு. பக்கத்தைத் திருப்பினால் கதையில் நடமாடும் அத்தனை பேரும் பிணக்கோலத்தில் நிற்பார்கள். திகில் கதையில் இதைவிடப் பெரிய அச்சுப்பிழை வேறென்ன இருக்க முடியும்?

ஒலிச்சொற்களில் நமக்கு ஆங்கிலத்துக்கு இல்லாத வசதி இருக்கிறது. ஜப்பானியத்தில் 'குருகுரு' என்றால் சுற்றுவது, நமக்குக் 'கிறுகிறு'. 'டோகிடோகி' நெஞ்சு அடிப்பது. 'படபட' அல்லது 'திக்திக்'. 'நுருநுரு' கையில் ஒட்டும் வழுக்கல், 'கொழகொழ'. 'கதாகதா' நடுங்குவது, 'வெடவெட'. இரட்டைக்கிளவி இத்தனை கைவசம் இருக்கும்போது 'டமால்', 'கிரீச்' என்று எல்லா இடத்திலும் போட வேண்டியதில்லை. 'ஷீன்' என்பது மட்டும் சிக்கல். அது ஓசையே இல்லாததைக் காட்டும் ஒலிச்சொல். அங்கே எதையும் மொழிபெயர்க்காமல் விட்டுவிடுவது நல்லது. மூல எழுத்து ஓவியத்தின் ஒரு பகுதி. அதை அழிக்காமல் பக்கத்தில் சின்னதாகத் தமிழை வையுங்கள்.

மிகப் பெரிய தொல்லை பேச்சுக் குமிழ். ஜப்பானிய எழுத்து மேலிருந்து கீழாக ஓடுவதால் குமிழ் ஒல்லியாக உயரமாக இருக்கும். நம் சொற்கள் நீளமானவை, கிடையாக ஓடுபவை. 'பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்' என்ற ஒரு சொல்லே குமிழைத் தாண்டி வெளியே நிற்கும். இடமில்லை என்று குமிழைப் பெரிதாக்கினால் பின்னாலுள்ள படம் போகும். எழுத்தை 7 புள்ளிக்குக் கீழே இறக்கினால் மெய்யெழுத்தின் மேற்புள்ளியே தெரியாது. வழி ஒன்றுதான்: உரையாடலைப் பேச்சுத் தமிழில் எழுதுங்கள். 'பாத்துட்டே இருக்காங்க' என்றால் இரண்டு வரியில் அடங்கும். சொல்லை நடுவில் ஒடிக்காமல் வரிக்கு ஒரு சொல்லாக அடுக்கலாம். எழுத்து பொருத்திய பக்கத்தை நூலின் அசல் அளவில் தாளில் எடுத்து, கைநீட்டும் தூரத்தில் வைத்துப் படித்துப் பார்த்த பிறகே அச்சுக்கு அனுப்புங்கள். கணினித் திரையில் பெரிதாக்கிப் பார்த்து ஒப்புதல் தந்த பக்கங்கள்தான் அச்சில் படிக்க முடியாமல் வருகின்றன.

இப்படிக்கு,
சித்திரக்கதை வாசகர்,
மதுரை.